பிப்ரவரி வெள்ளாவி

எங்கள் ஆர்சென்வில்லில் ஒரு குடும்பத்தின் தராதரம் தெரிய வேண்டுமானால் அவர்கள் வாசலைப் பார்க்க வேண்டாம், குதிரை வண்டியையும் பார்க்க வேண்டாம். வருடத்துக்கு எத்தனை தடவை துணி துவைக்கிறார்கள் என்று கேட்டால் போதும். வாரா வாரம் துவைத்தால் பரம ஏழை, மாற்றிப் போட விரிப்பு இல்லாதவன். மாதம் ஒருமுறை என்றால் கடைக்காரன். வருடத்துக்கு இரண்டே வெள்ளாவி, ஈஸ்டர் கழிந்து ஒன்று, அக்டோபரில் ஒன்று என்றால் அது பெரிய இடம். ஆறு மாத அழுக்கை மாடியில் குவித்துவிட்டு, அலமாரியிலிருந்து புது விரிப்பாக எடுத்து எடுத்துப் போட்டுக்கொண்டு கவலையில்லாமல் தூங்குகிறார்கள் என்று அர்த்தம். அழுக்கு எவ்வளவு பழசோ கௌரவம் அவ்வளவு பெரிசு. இதை நான் கண்டுபிடிக்கவில்லை. ஊர் முழுக்க அப்படித்தான் நம்புகிறது.

என் பெயர் யூலாலி. சலவைக்காரி. முப்பது வருடமாக இந்த ஊர்ப் பெரிய மனிதர்களின் மானத்தைச் சாம்பல் தண்ணீரில் ஊறவைத்து, ஆற்றங்கரைப் பலகையில் மண்டியிட்டுக் கட்டையால் அடித்து அலசிக் கொடுத்திருக்கிறேன். அதனால் எனக்கு மானத்தின் மேல் பெரிய மரியாதை கிடையாது. கறை எங்கே இருக்கும் என்று தெரிந்தவளுக்கு எப்படி இருக்கும்?

வரெனுவா குடும்பம்தான் என் பெரிய வாடிக்கை. புரட்சியில் தலை போன தாத்தா, அரசரோடு வேட்டைக்குப் போன கொள்ளுத்தாத்தா, எல்லாரும் கூடத்தில் படமாகத் தொங்குகிறார்கள். உயிரோடு இருப்பவர்கள் மூன்றே பேர். விதவையான மதாம் தெ வரெனுவா, மகன் கஸ்பார், மகள் ஒதீல். கஸ்பாருக்கு இருபத்தேழு வயது. வேலை என்று ஒன்றும் செய்யமாட்டான், செய்யவும் கூடாது. வரெனுவாக்கள் வேலை செய்தால் படத்தில் இருக்கும் தாத்தாவுக்குக் கோபம் வரும்.

ஆனால் அவன் என் பாலைக் குடித்து வளர்ந்தவன். நான் பெற்ற பிள்ளை பத்தாம் நாளே போய்விட்டது. மார்பு கட்டிக்கொண்டு அழுதுகொண்டிருந்த என்னைப் பெரிய வீட்டிலிருந்து வந்து கூட்டிப்போனார்கள். இரண்டு வருடம் கஸ்பார் என் மடியில்தான் கிடந்தான். இன்றைக்கும் என்னைப் பாலம்மா என்றுதான் கூப்பிடுவான். ஊதாரி, சோம்பேறி, மீசைக்கு மெழுகு தடவவே அரை மணி நேரம் ஆகும். இருக்கட்டும். எனக்கு இருந்தது அவன் ஒருவன்தான்.

போன பிப்ரவரியில், ஒரு புதன்கிழமை காலை, மதாம் ஆள் அனுப்பினார். போனால் ஜன்னல் கதவுகள் எல்லாம் சாத்தியிருந்தன.

"என்ன மதாம், யாருக்காவது உடம்பு சரியில்லையா?"

"துணி துவைக்கணும், யூலாலி."

"பிப்ரவரியிலயா!"

"கத்தாதே. இந்தத் தெருவுல சுவருக்கு மட்டுமில்ல, சாக்கடைக்கும் காது உண்டு."

என்னை மாடிக்குக் கூட்டிப்போய்த் துணி அலமாரியைத் திறந்தார். மூன்று ஆள் உயரம் நிற்கும் கருவாலி மர அலமாரி அது. பன்னிரண்டு பன்னிரண்டாக ரிப்பன் கட்டி அடுக்கிய விரிப்புகள், ஒவ்வொன்றின் மூலையிலும் சிவப்பு நூலில் குடும்பத்தின் முதல் எழுத்து. ஒவ்வொரு வெள்ளாவிக்கும் பிறகு நானே கொண்டுபோய் மாடிப்படியில் வைப்பேன், அடுக்குவது மட்டும் மதாம் தன் கையால்தான். இப்போது எட்டிப் பார்த்தால் தட்டுகளின் விளிம்பில் மட்டும் ஒரு விரல் அகலத்துக்கு வெள்ளைப் பின்னல் நாடா குத்தியிருந்தது. அதற்குப் பின்னால் மடித்து மடித்து அடுக்கியிருந்தவை பழைய செய்தித்தாள்கள். அரசர் கட்சிப் பத்திரிகைதான், அந்த விஷயத்தில் மதாம் கொள்கை தவறவில்லை.

"எல்லாம் எங்கே மதாம்?"

"க்ரிவோ." அந்தப் பெயரை அவர் ஈயைத் துப்புவது போலச் சொன்னார்.

க்ரிவோ என்பவன் பழைய சாமான் வாங்கி விற்கிறவன். நீல மேலங்கியும் கழுதை வண்டியுமாகப் பக்கத்து ஊர்களில் எல்லாம் சுற்றுவான். மூன்று வருடமாகப் பின்வாசல் வழியாக வந்து, கட்டுக் கட்டாக வாங்கிப் போயிருக்கிறான். கடைசிக் கட்டு அந்தத் திங்கட்கிழமைதான் போயிருந்தது. மிச்சம் ஏழே ஜோடி, ஏழும் அழுக்கு. ஞாயிற்றுக்கிழமை ஒதீலின் வருங்கால மாமியார் விருந்துக்கு வருகிறார். பனி பெய்து அவர் இரவு தங்க நேர்ந்தால் எதை விரிப்பது?

அந்த வருங்கால மாமியார், நூற்பாலைக்காரர் மனைவி மதாம் பூர்தியா. அவருடைய மாமனார் தலையில் கூடை வைத்து ஊசி நூல் விற்றவர். இப்போது ஆலைப் புகைபோக்கி தேவாலயக் கோபுரத்தைவிட உயரம். அவர்களுக்குப் பணம் இருக்கிறது, தாத்தா இல்லை. வரெனுவாக்களுக்குத் தாத்தா இருக்கிறார், விரிப்பு இல்லை. இதைவிடப் பொருத்தமான சம்பந்தம் எங்கே கிடைக்கும்? ஆனால் வழக்கப்படி பெண் பன்னிரண்டு டஜன் விரிப்பு கொண்டுவர வேண்டும், கல்யாணத்துக்கு முன்னால் அதை ஊருக்கே தெரியும்படி கூடை கூடையாக மாப்பிள்ளை வீட்டுக்குச் சுமந்து போகவும் வேண்டும். எப்படிச் சமாளிப்பதாக இருந்தார் என்று நான் கேட்கவில்லை. சிலுவையின் மேல் கைவைத்து, அலமாரியைப் பற்றி வாய் திறக்கமாட்டேன் என்று என்னைச் சத்தியம் செய்யவைத்தார். செய்தேன்.

கொல்லைப்புறச் சலவைக் கொட்டகையில் அடுப்பு மூட்டி வெள்ளாவி வைத்தேன். விரிப்புகளைத் தொட்டியில் அடுக்கி, மேலே துணியில் சாம்பல் பரப்பி, வெந்நீரை ஊற்றி ஊற்றி வடித்துக்கொண்டிருந்தபோது கஸ்பார் வந்தான். தன் சிவப்புக் கம்பளி இடுப்புப் பட்டியைச் சுருட்டி, "இதையும் சேர்த்துக்கோ பாலம்மா," என்று தொட்டிக்குள் எறிந்துவிட்டுப் போனான். நான் விறகு எடுக்கத் திரும்பியிருந்தேன். பார்ப்பதற்குள் சாயம் முழுக்க இறங்கிவிட்டது. கொல்லைக் குழாய் வழியாக வடிந்த தண்ணீர் தெருச் சாக்கடையில் இளஞ்சிவப்பாக ஓடி, மருந்துக்கடை வாசலைத் தாண்டி, தேவாலயப் படிக்கட்டு வரை போனது. எங்கள் ஊரில் ஞாயிற்றுக்கிழமைப் பிரசங்கத்தைக்கூட இத்தனை பேர் கவனித்ததில்லை.

நெருப்பில்லாமல் புகையாது என்பார்கள். வரெனுவா வீட்டுச் சலவைக் கொட்டகையில் பிப்ரவரியில் புகை. தெருவில் சிவப்புத் தண்ணீர். திங்கட்கிழமை அந்த வீட்டுப் பின்சந்தில் வண்டியோடு நுழைந்த க்ரிவோவை அதற்கப்புறம் யாரும் காணவில்லை. மருந்துக்கடைக்காரர் இந்த மூன்றையும் சேர்த்து முடிச்சுப் போட ஒரு மாலை கூட ஆகவில்லை. சனிக்கிழமைக்குள் மாவட்டத் தலைநகரிலிருந்து விசாரணை நீதிபதி வந்து இறங்கிவிட்டார்.

அவர் பெயர் லகாசேன். பொறுப்பாக விசாரித்தார். தோட்டத்தைத் தோண்டினார், கிணற்றை இறைத்தார், குடும்பக் கல்லறையைத் திறந்து தாத்தாவைக்கூட எழுப்பிப் பார்த்தார். பிறகு ஊர்மன்றத்துக்கு என்னைக் கூப்பிட்டார்.

"நீதானே துவைச்சவ?"

"நான்தான் ஐயா."

"தண்ணி சிவப்பா ஓடுச்சாமே?"

"கஸ்பார் தம்பியோட கம்பளிப் பட்டி ஐயா. சாயம் போயிடுச்சு."

"சரி, சாயம்னே வெச்சுக்குவோம். பிப்ரவரியில ஏன் துவைச்சீங்க?"

பதில் சொல்ல முடியாத கேள்வி அது ஒன்றுதான். மற்றவை எல்லாம் அவருக்கும் பெரிதாகப் படவில்லை. அந்த அந்தஸ்தில் இருப்பவர்கள் பிப்ரவரியில் துவைக்க வேண்டுமானால் ரத்தத்தைத் தவிர வேறு என்ன காரணம் இருக்க முடியும்? நான் சிலுவையை நினைத்தேன். அப்புறம் கஸ்பாரின் கழுத்தை நினைத்தேன். சிலுவையில் இருப்பவர் மன்னிப்பார், கழுத்து வெட்டும் இயந்திரம் மன்னிக்காது.

"அவங்ககிட்ட விரிப்பே இல்லீங்க ஐயா. எல்லாத்தையும் க்ரிவோகிட்ட வித்துட்டாங்க. மிச்சம் ஏழு ஜோடிதான்."

எழுதிக்கொண்டிருந்த குமாஸ்தா பேனாவை வைத்துவிட்டுச் சிரித்தார். நீதிபதி சிரிக்கவில்லை, வருத்தப்பட்டார்.

"வரெனுவா வீட்டுல ஏழு ஜோடியா? என் சமையல்காரிகிட்டயே எட்டு இருக்கும்மா. பொய் சொன்னாலும் கொஞ்சம் பொருந்தச் சொல்லணும்."

"அலமாரியைத் தொறந்து பாருங்களேன்."

"ஒரு சீமாட்டியோட துணி அலமாரியையா? கல்லறையைத் தொறந்தேன், அது சட்டம். இது அநாகரிகம்."

ஆனாலும் மறுநாள் வேறு வழியில்லாமல் போனார். என்னையும் கூட்டிப்போனார். மதாம் தெ வரெனுவா அலமாரிக்கு முன்னால் கறுப்புப் பட்டில் நின்றார். சாவியைக் கைக்குள் இறுக்கி வைத்திருந்தார்.

"நான் உயிரோட இருக்கிற வரைக்கும் இது தொறக்காது, ஐயா."

"மன்னிக்கணும் மதாம். என் கடமை."

நீதிபதி கையை நீட்டினார். அந்த நேரத்தில் ஜன்னல் பக்கம் நின்றிருந்த கஸ்பார், தொப்பியைக் கழற்றி மேஜைமேல் வைத்துவிட்டு, "சிரமப்பட வேண்டாம். க்ரிவோவை நான்தான் கொன்னேன்," என்றான்.

மதாம் அலறுவார், மகன் மேல் விழுந்து அழுவார் என்று பார்த்தேன். அவர் மெதுவாகச் சாவியை இடுப்புப் பைக்குள் போட்டார். அப்பாடா என்று அவர் விட்ட மூச்சு எனக்குக் கேட்டது. அன்றைக்கு அந்த அம்மாவை நான் வெறுத்த மாதிரி யாரையும் வெறுத்ததில்லை.

"க்ரிவோ என் அம்மாவை அவமரியாதையாகப் பேசினான், ஒரே குத்து, பிணத்தை ஆலை மதகுப் பக்கம் ஆற்றில் போட்டேன்" என்று கஸ்பார் எழுதிக் கொடுத்தான். ஆற்றை மூன்று நாள் வலை போட்டுத் தேடினார்கள். ஒரு செத்த கன்றுக்குட்டி, இரண்டு செருப்பு, ஆட்சி மாறியபோது ஊர்மன்றத்திலிருந்து யாரோ தூக்கி எறிந்த பேரரசரின் மார்பளவுச் சிலை, எல்லாம் கிடைத்தன. பிணம் மட்டும் கிடைக்கவில்லை. வெள்ளத்தில் கடலுக்குப் போயிருக்கும் என்று முடிவு செய்தார்கள். கடல் நாற்பது மைல்.

இதற்குப் பிறகு ஊர் செய்ததுதான் வேடிக்கை. ஓட்டாண்டி வீடு என்றால் ஒரு வாரத்தில் வரெனுவா வாசலில் புல் முளைத்திருக்கும். கொலைகார வீடு என்றதும் மரியாதை பொங்கிவிட்டது. "ரத்தம்னா அதான் ரத்தம்! அம்மாவைச் சொன்னா விடுவானா?" என்று ரொட்டிக்கடையில் கிழவர்கள் மார்தட்டினார்கள். மதாம் தேவாலயத்துக்குள் நுழைந்தால் எழுந்து வழிவிட்டார்கள். வழக்கு நடக்கும் நாளைக்கு விடுதியில் அறைகள் இப்போதே நிரம்பிவிட்டன. மதாம் பூர்தியாவோ நிச்சயத்தை முறிக்கவில்லை, கல்யாணத்தை இன்னும் சீக்கிரமே வைக்கச் சொன்னார். "எங்க வம்சத்துல இதுவரைக்கும் யாரும் மானத்துக்காகக் கை ஓங்கினதில்ல," என்று ஏக்கத்தோடு சொன்னாராம்.

நான் சிறைக்குச் சூப்பு கொண்டுபோனேன்.

"ஏன்டா அப்படிச் சொன்ன? பாவி!"

"அம்மா கையைப் பார்த்தியா, பாலம்மா? சாவி கிடுகிடுன்னு ஆடுச்சு. அவங்க எதுக்கும் நடுங்கி நான் பார்த்ததில்ல."

"அதுக்குன்னு தலையைக் குடுப்பியா?"

"தலை எங்க போகுது? மானத்துக்காகச் செஞ்சா ஜூரிங்க விட்டுருவாங்க. கொலைகாரன் தங்கச்சின்னா ஒதீல் கல்யாணம் நடக்கும். ஓட்டாண்டி தங்கச்சின்னா நின்னுரும்."

"வக்கீல் என்ன சொல்றாரு?"

அவன் கரண்டியைக் கிண்ணத்தில் சுழற்றிக்கொண்டே இருந்தான்.

"ஜூரி லிஸ்ட் வந்திருக்கு. பன்னெண்டு பேர்ல ஒன்பது பேர் மாட்டு வியாபாரி, துணி வியாபாரி. ஒரு வியாபாரியைக் கொன்னவனை அவங்க எப்படிப் பார்ப்பாங்கன்னு கேட்டேன். வக்கீல் கைக்குட்டையை எடுத்து மூக்கைச் சிந்தினாரு."

வாழ்க்கையில் முதல்தடவையாக அவன் மீசை மெழுகு இல்லாமல் தொங்கிக்கொண்டிருந்தது. மெழுகு இல்லாமல் பார்த்தால் சின்ன வயதில் என் மடியில் காய்ச்சலோடு கிடந்த முகம்தான். வீட்டுக்கு வரும் வழியெல்லாம் அழுதேன்.

மார்ச் மாதம் இரண்டாவது வாரம், ஆற்றங்கரைச் சலவைத்துறையில் என் பக்கத்தில் பூர்தியா வீட்டுச் சலவைக்காரி பெரின் வந்து மண்டியிட்டாள். ஒரு விரிப்பைப் பலகையில் போட்டு அடித்தாள். தலை நிமிர்ந்த நான் என் கட்டையைக் கீழே வைத்துவிட்டேன்.

விரிப்பின் ஓரத்தில் பழுப்பாக, காலணி வடிவத்தில் ஒரு கருகல். அது என் கருகல். இருபத்தாறு வருடத்துக்கு முன்னால் இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தபோது கஸ்பார் நாற்காலியை விட்டுவிட்டு என்னைப் பார்த்து முதல் நாலு அடி நடந்து வந்தான். நான் இஸ்திரியை மறந்துவிட்டு அவனை வாரி எடுத்தேன். அந்த விரிப்புக்காக மதாம் என் சம்பளத்தைப் பிடித்துக்கொண்டார். எப்படி மறப்பேன்? மூலையைத் திருப்பிப் பார்த்தேன். சிவப்பு நூலைப் பிரித்திருந்தார்கள். ஆனால் எண்பது வருடம் நூல் இருந்த இடத்தில் ஊசித் துளைகள் வரிசையாகத் தெரிந்தன.

"என்னக்கா, என் துணியை மோந்து பார்க்கற?"

"இது எங்கடி கிடைச்சது உங்க மதாமுக்கு?"

"பரம்பரைச் சொத்தாம். மூணு வருஷமா கட்டுக் கட்டா வருது, கடைசிப் பரம்பரை போன மாசம்தான் வந்து சேர்ந்துச்சு." பெரின் கண்ணைச் சிமிட்டினாள். "அந்தத் துளை தெரியாம வெளுக்கணுமாம், என் உசுரை வாங்கறாங்க."

அடுத்து அவள் கூடையிலிருந்து எடுத்தது ஒரு நீல மேலங்கி. கூடவே முழ நீளத்துக்குக் கட்டுத்துணிகள், வாத்துக் கொழுப்பு வாடையோடு.

"இது யாரோடது?"

"வண்டிக் கொட்டகை மாடியில ஒரு விருந்தாளி இருக்காரு. ஐஸ் படிஞ்ச படியில வழுக்கிக் கால் உடைஞ்சு போச்சாம். யார்கிட்டயும் சொல்லக் கூடாதுன்னு உத்தரவு. ஆனா தின்னுறாரு பாரு அக்கா! ரெண்டு வாத்து ஒரு வாரத்துக்குப் பத்தல."

"அவரோட கழுதை?"

"கழுதை மாதிரியேதான் இருக்காரு."

"அதில்லடி. கழுதை வண்டி ஒண்ணு இருக்கா?"

"கொட்டகையில இருக்கு. உனக்கெப்படித் தெரியும்?"

எல்லாம் விளங்கிவிட்டது. திங்கட்கிழமை வரெனுவா பின்வாசலில் ஏற்றிய கட்டை க்ரிவோ நேராக பூர்தியா பின்வாசலில் இறக்கியிருக்கிறான். ஒருத்தி ரகசியமாக விற்றாள், இன்னொருத்தி ரகசியமாக வாங்கினாள். இவனை வெளியே காட்டினால் கஸ்பார் பிழைப்பான். ஆனால் கழுதை வண்டியில் என்ன இருந்தது என்று ஊர் கேட்கும். பூர்தியா வீட்டுப் பரம்பரை விரிப்பு பழைய சாமான்காரன் கொண்டுவந்தது என்று தெரிந்துபோகும். அதற்கு ஒரு பையன் தலை போனால் போகட்டும்! ஆக, என் பிள்ளையைக் கொல்லப் போவது ஜூரி அல்ல, இரண்டு சீமாட்டிகளின் படுக்கை விரிப்பு. கூழுக்கும் ஆசை, மீசைக்கும் ஆசை என்பார்கள். இங்கே மீசைக்காகக் கழுத்தையே கொடுக்கிறார்கள்.

கூடையோடு அந்த விரிப்பையும் மேலங்கியையும் தூக்கினேன். "அய்யோ, என் வேலை போயிடும்!" என்று பெரின் பின்னாலேயே ஓடிவந்தாள். அன்றைக்கு வியாழக்கிழமை. வியாழக்கிழமை மதியம் மதாம் பூர்தியா விருந்தினரை வரவேற்கும் நாள். ஊர்ச் சீமாட்டிகள் எல்லாம் அங்கேதான் இருப்பார்கள். வேண்டுமென்றேதான் அப்போது போனேன். முன்வாசல் வழியாகவும் போனேன், முப்பது வருடத்தில் முதல்தடவை.

கூடத்தில் பதினொரு பெண்கள், கையில் தேநீர்க் கோப்பை. நீதிபதியோடு ஊரில் வந்து தங்கியிருந்த அவர் மனைவியும் இருந்தார். மதாம் தெ வரெனுவா நடு நாற்காலியில், கொலைகாரனின் தாய்க்குரிய கம்பீரத்தோடு. ஈரக் கூடையோடு என்னைப் பார்த்ததும் மதாம் பூர்தியா எழுந்தார்.

"துணிக்காரங்க பின்பக்கமா வரணும்."

"துணிதான் மதாம் பின்பக்கமா வந்துச்சு. நான் முன்பக்கமா திருப்பிக் கொண்டாந்திருக்கேன்."

விரிப்பை எடுத்து, அவர் பட்டுக் கம்பளத்தின் மேல் ஈரத்தோடு விரித்தேன். "இந்தக் கருகல் நான் போட்டது. கஸ்பார் தம்பி முதல்ல நடந்த அன்னிக்கு. இந்த மாதிரி விரிப்பெல்லாம் மூணு வருஷமா க்ரிவோ வண்டியில ஏறி இந்த வீட்டுக்கு வந்திட்டிருக்கு. க்ரிவோ சாகல. உங்க கொல்லையிலயே, வண்டிக் கொட்டகை மாடியில, வாத்துத் தின்னுட்டு இருக்கான்."

ஒரு கோப்பை விழுந்து உடைந்தது. மதாம் தெ வரெனுவா என் பக்கம் திரும்பக்கூட இல்லை. மதாம் பூர்தியாவைப் பார்த்தார். "வாங்கினது நீங்களா?" என்று கேட்டார், மெல்லிய குரலில்.

"வித்தது நீங்களா?" என்றார் அவர், அதைவிட மெல்லியதாக.

மகன் உயிரோடு திரும்பப் போகிறான் என்று அந்த இரண்டு பேருக்கும் இன்னும் உறைக்கவில்லை. நீதிபதியின் மனைவிதான் எழுந்து, "யாராவது போய் அந்தச் செத்தவரைக் கூட்டிட்டு வாங்களேன்," என்றார்.

நாற்காலியோடு நாலு பேர் தூக்கி வந்தார்கள். கழுத்தில் துண்டு, கன்னத்தில் கொழுப்பு மினுமினுப்பு. கொலையுண்டவன் ஐந்து வாரத்தில் இப்படிப் பெருத்து நான் பார்த்ததில்லை.

"என்னைக் கொன்னுட்டாங்களா?" க்ரிவோ ஆச்சரியப்பட்டான். "யாரும் சொல்லவே இல்லையே! மாடியில பேப்பரே குடுக்கறதில்ல."

அடுத்த நாள் கஸ்பாரை விட்டுவிட்டார்கள். நீதிபதி லகாசேன் என்மேல் கடுங்கோபத்தில் இருந்தார். நல்ல வழக்கு ஒன்று கைநழுவிவிட்டது. விடுதிக்காரர் வணக்கம் சொல்வதை நிறுத்தினார். ரொட்டிக்கடைக் கிழவர்கள், "அப்பவே தெரியும், அவனாவது கொல்றதாவது!" என்று காறித் துப்பினார்கள். ஒரு உயிர் பிழைத்ததில் ஊருக்கு இத்தனை நஷ்டம் என்று நான் எதிர்பார்க்கவில்லை.

கஸ்பார் வீட்டுக்குப் போகவில்லை. நேராக என் வீட்டுக்கு வந்து, வாசல்படியிலேயே நின்றான்.

"என்னை விட்டிருக்கலாம் பாலம்மா. அங்க இருந்தவரைக்கும் நான் ஒரு வரெனுவா. இப்ப விரிப்பை வித்தவ புள்ள."

ஓங்கி ஒரு அறை விட்டேன். பிறகு உட்கார வைத்துச் சூப்பு ஊற்றினேன். முட்டைக்கோஸும் பன்றி இறைச்சியும் போட்ட சூப்பு. மானம் போனவன் மூன்று கிண்ணம் குடித்தான், ரொட்டியால் கிண்ணத்தைத் துடைத்தும் தின்றான். அதை நான் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தேன். எனக்கு வேறு எதுவும் வேண்டியிருக்கவில்லை.

கல்யாணம் நின்றுவிடும் என்றுதானே நினைப்பீர்கள்? நானும் அப்படித்தான் நினைத்தேன். பெரிய மனிதர்களை முப்பது வருடம் துவைத்தும் நான் புரிந்துகொள்ளவில்லை. ஒருவர் குட்டு ஒருவரிடம் இருக்கும் வரை இதைவிட உறுதியான சம்பந்தம் ஏது? வாய் திறந்தால் இருவரும் போவார்கள். கூடத்தில் இருந்த ஒன்பது சீமாட்டிகளும், தங்கள் வீட்டு அலமாரியை யாரும் திறக்கக் கூடாது என்ற ஒரே நினைப்பில், எதையும் கேட்கவில்லை என்று ஒருமனதாக முடிவு செய்தார்கள். பிப்ரவரி வெள்ளாவி மருத்துவரின் ஆலோசனைப்படி வைக்கப்பட்டது என்று நீதிபதியின் அறிக்கையில் இருக்கிறது.

ஒரே சிக்கல்தான் மிச்சம். மணப்பெண் கொண்டுவர வேண்டிய விரிப்புகள் ஏற்கனவே மாப்பிள்ளை வீட்டில் இருந்தன. மதாம் பூர்தியா பிரித்த சிவப்பு நூலைத் திரும்பவும் அதே துளைகளில் தைக்கச் சொன்னார். பெரின் மூன்று வாரம் தைத்தாள். இதற்கு முன் துளை தெரியாமல் அவற்றை வெளுத்த அதே பெரின்தான். ஆனால் கூடை ஊர்வலம் நடக்காமல் கல்யாணம் எப்படி நடக்கும்?

மே மாதம் முதல் சனிக்கிழமை மதாம் தெ வரெனுவா எனக்கு ஆள் அனுப்பினார். அவர் என்னை மன்னிக்கவில்லை, அதை முகத்துக்கு நேராகவே சொன்னார்.

"ஆனா உள்ள என்ன இருக்குன்னு இன்னொருத்திக்குத் தெரிய வேண்டாம்," என்றார்.

பன்னிரண்டு பெரிய கூடைகள், ரிப்பன் கட்டித் தயாராக இருந்தன. மேலே ஒவ்வொன்றிலும் ஒரு விரிப்பு, சிவப்பு எழுத்து வெளியே தெரியும்படி மடித்திருந்தது. நான் பிப்ரவரியில் துவைத்து, சிவப்புச் சாயம் போக மறுபடி வெளுத்தவைதான். கீழே வைக்கோல்.

கூலிக்குக் கூடை தூக்க ஆள் வைத்தால் விஷயம் வெளியே போகும். அதனால் ஒவ்வொன்றாக நாங்களே கொண்டுபோக வேண்டியிருந்தது. ஒரு பிடியை நான் பிடித்தேன். மறு பிடியைப் பிடிக்க மீசைக்கு மெழுகு தடவிக்கொண்டு கஸ்பார் வந்தான். இருபத்தேழு வருடத்தில் அவன் தொட்ட முதல் வேலை அதுதான். "பெண்ணின் அண்ணனே சுமப்பது எங்கள் பழைய குல வழக்கம்" என்று மதாம் அன்று காலைதான் ஒரு வழக்கத்தைக் கண்டுபிடித்திருந்தார்.

நல்ல வெயில். தெரு இரண்டு பக்கமும் கூட்டம். மருந்துக்கடைக்காரர், ரொட்டிக்கடைக் கிழவர்கள், விடுதிக்காரர், ஊன்றுகோலோடு க்ரிவோ, எல்லாரும் நின்றார்கள். கூடைக்குள் என்ன இருக்கிறது என்று தெரியாத ஒரு ஆள் அந்தத் தெருவில் இல்லை. நாங்கள் கிட்டே வர வர ஒவ்வொருவராகத் தொப்பியைக் கழற்றித் தலை குனிந்தார்கள். க்ரிவோவும் கழற்றினான், எடை பார்க்கிற கண்ணோடு கூடையைப் பார்த்துக்கொண்டே.

எனக்குச் சிரிப்பு முட்டியது. அதற்குள் கஸ்பார் என் பக்கம் சாய்ந்தான்.

"பாலம்மா, கொஞ்சம் மூச்சு வாங்கு. கனமா இருக்கிற மாதிரி நட. வைக்கோல்னு தெரிஞ்சுடப்போகுது."

திரும்பி அவனைப் பார்த்தேன். முதுகை வளைத்து, பல்லைக் கடித்து, நெற்றியில் நரம்பு புடைக்க அந்த வைக்கோலைத் தூக்கிக்கொண்டு வந்தான். வெட்டுப்பட இருந்த கழுத்தில் வேர்வைகூட வரவழைத்திருந்தான். மூச்சு வாங்கினேன். நடிக்க வேண்டியிருக்கவில்லை.

இன்னும் பதினொரு கூடை இருந்தது.